பாலையாவும் பின்வரிசைப் பெயர்களும்

1914 ஜூலை 31 அன்று பாரிஸை ஒட்டிய கூர்பவ்வாவில் லூயி த ஃபூனெஸ் பிறந்தார். மூன்று வாரம் கழித்து, ஆகஸ்ட் 23 அன்று, அன்றைய திருநெல்வேலி மாவட்டத்துச் சுண்டங்கோட்டையில் டி.எஸ்.பாலையா பிறந்தார். இருவரும் தங்கள் நாட்டு சினிமாவில் நீண்ட காலம் கதாநாயகனுக்குப் பக்கத்தில் நின்றவர்கள். மதுக்கூடங்களில் பியானோ வாசித்துப் பிழைத்த ஃபூனெஸ், 1945இல் ஒரு சிறு வேடத்தில் திரைக்கு வந்தார். அதன்பின் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் கடைக்காரர், காவலாளி, எடுபிடி என்று நூற்றுக்கு மேற்பட்ட சில்லறை வேடங்களைப் போட்டார். 1964இல் இருவருக்கும் ஐம்பது வயது. அந்த ஆண்டு பிரான்சில் ஃபூனெஸ் போலீஸ்காரராக நடித்த ‘செயின்ட் துரோப்பே’ படமும் ‘ஃபான்டோமாஸ்’ படமும் வெளியாயின. தமிழில் அதே ஆண்டு பிப்ரவரியில் ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’ வந்தது. அதில் பாலையா சின்னமலை எஸ்டேட் முதலாளி விஸ்வநாதன்.

இதற்குப் பிறகு இருவர் பாதையும் பிரிகிறது. ஃபூனெஸை நடுவில் வைத்துப் படத்துக்கு மேல் படம் எடுத்தார்கள். 1966இல் அவரும் பூர்வீலும் நடித்த ‘லா கிராந்த் வாத்ரூய்’ படத்துக்கு 1 கோடியே 70 லட்சத்துக்கு மேல் டிக்கெட் விற்றது. பிரான்சில் பல பத்தாண்டுகள் அசைக்க முடியாமல் நின்ற சாதனை அது. பாலையாவுக்கு 1965இல் ‘திருவிளையாடல்’, அதன்பின் ‘ஊட்டி வரை உறவு’, ‘பாமா விஜயம்’, ‘தில்லானா மோகனாம்பாள்’ எல்லாம் கிடைத்தன. ஒவ்வொன்றிலும் மறக்க முடியாத வேடம். ஆனால் டைட்டில் கார்டில் அவர் பெயர் ஏறிய இடம் மாறவில்லை. 1972 ஜூலை 22இல் அவர் இறக்கும்வரை ‘பாலையா படம்’ என்று ஒரு படத்தை யாரும் விற்கவில்லை, யாரும் வாங்கவில்லை.

திறமையில் குறை என்று சொல்ல வாய் வராது. பிறகு ஏன்? தமிழ் சினிமாவின் குணச்சித்திர நடிகர்கள் எங்கே பயின்றார்கள், எப்படிப் பிழைத்தார்கள், எந்த இடத்தில் தடுக்கப்பட்டார்கள் என்பதைச் சேர்த்துப் பார்த்தால்தான் இந்தக் கேள்விக்குப் பதில் கிடைக்கும். ஆற்காட்டுக்குத் தெற்கே கலவை வட்டாரத்தில் இருந்துகொண்டு இதை யோசிப்பதில் எனக்கு ஓர் அனுகூலம் உண்டு. நடிப்புப் பயிற்சியின் மிகப் பழைய வடிவம் ஒன்று இங்கே இன்னும் உயிரோடு இருக்கிறது. படத்துக்கு விலை வைக்கும் சந்தையிலும் இந்த மாவட்டத்துக்கு ஒரு பெயர் உண்டு. இரண்டையும் பின்னால் சொல்கிறேன்.

பயிற்சியில் தொடங்குவோம். சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையைத் தொடங்கினார். அதற்கு முன்னும் பின்னும் எழுந்த பாய்ஸ் கம்பெனிகள்தான் போருக்குப் பிந்தைய தமிழ் சினிமாவுக்கு முகங்களைத் தந்தன. நவாப் ராஜமாணிக்கத்தின் கம்பெனியிலிருந்து எம்.என்.நம்பியார் வந்தார். டி.கே.எஸ். சகோதரர்களிடமிருந்து எஸ்.வி.சகஸ்ரநாமம். யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் கம்பெனியில் சிவாஜி கணேசனும் வி.கே.ராமசாமியும் ஒன்றாகச் சாப்பிட்டு ஒன்றாகத் தூங்கினார்கள். பத்து வயதுப் பையன் ஊரைவிட்டு வந்து கம்பெனியில் சேர்ந்தால் அவனுக்குப் பாட்டு, வசனம், உச்சரிப்பு எல்லாம் வாத்தியாரின் பிரம்படியோடு வந்து சேரும். இந்த வேடம்தான் எனக்கு என்று யாரும் அடம் பிடிக்க முடியாது. இன்று பெண் வேடம் கட்டுபவன் குரல் உடைந்ததும் ராஜபார்ட்டாகலாம், அடியாளாகலாம், பபூனாகலாம். கம்பெனி கொடுமையான இடம்தான். குழந்தைகளின் உழைப்பைச் சுரண்டிய இடம். அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் எல்லா வேடங்களையும் எல்லாரும் தெரிந்துவைத்திருக்க வேண்டும் என்ற அந்த முறையிலிருந்துதான், எந்த வேடத்திலும் நிற்கக்கூடிய ஒரு தலைமுறையே உருவானது.

வி.கே.ராமசாமியைப் பாருங்கள். 1947இல் ஏவி.எம். ‘நாம் இருவர்’ எடுத்தபோது அவருக்கு வயது இருபத்தொன்று. படத்தில் அவர் கள்ளச்சந்தைக்காரக் கிழவர். வயதுக்கும் வேடத்துக்கும் இருந்த அந்த நாற்பது வருட இடைவெளியை மேடை நிரப்பியிருந்தது. அதன்பின் அரை நூற்றாண்டுக்கும் மேல் அவரைப் பெரியவராகவே பார்த்தோம். அவர் இளைஞராக இருந்த காலம் தமிழ் ரசிகர்களுக்குத் தெரியவே தெரியாது.

இங்கே கலவை, திமிரி, ஆரணி, செய்யாறு வட்டாரங்களில் திரௌபதி அம்மன் கோயில் பாரதம் நடக்கும்போது, பகலில் பிரசங்கமும் இரவில் கூத்தும் இருக்கும். கூத்தில் ராஜா வேடக்காரர் கிரீடமும் புஜக்கட்டையும் கட்டிக்கொண்டு, இருவர் பிடித்த திரைக்குப் பின்னால் நிற்பார். அவர் வருவதற்கு முன் ஆட்டத்தைத் தொடங்குபவர் கட்டியங்காரர். ராஜாவைப் பார்த்து நீர் யார் என்று கேட்பவரும் அவரே. விடியும்வரை வேலைக்காரர், தூதுவர், தேரோட்டி, ஊர் வம்பு பேசுபவர் என்று மாறி மாறி வந்து, ஜனங்களைத் தூங்கவிடாமல் வைத்திருப்பவரும் அவரே. துரியோதனன் எவ்வளவு பெரியவன் என்பது கட்டியங்காரர் அவன் முன் எப்படி நடுங்குகிறார் என்பதில்தான் ஜனங்களுக்குத் தெரிகிறது. குணச்சித்திர நடிகரின் வேலையை இதைவிடத் தெளிவாக எனக்குச் சொல்லத் தெரியாது. எதிரே நிற்பவரின் உயரத்தை அளந்து காட்டுவது அவர் முகம்.

பாலையா அப்படி அளந்து காட்டியவர்களில் தலையாயவர். 1936இல் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சதி லீலாவதி’யில் அறிமுகமானார். எம்.ஜி.ஆருக்கும் என்.எஸ்.கிருஷ்ணனுக்கும் அதுவே முதல் படம். கதாநாயகனைக் கெடுக்கும் வில்லனாக வந்த பாலையாவின் வேடம், இன்ஸ்பெக்டராக வந்துபோன எம்.ஜி.ஆரின் வேடத்தைவிடப் பெரியது. பதினொரு ஆண்டு கழித்து ‘ராஜகுமாரி’யில் எம்.ஜி.ஆர். கதாநாயகன் ஆனார். பாலையா அதே படத்தில் துணை வேடத்தில் இருந்தார். ஒரே கோட்டில் புறப்பட்டவர்களில் ஒருவர் மாநிலத்தின் முதலமைச்சரானார். இன்னொருவரின் பெயரைப் புதிய தலைமுறைக்கு ஒரு காட்சியைச் சொல்லித்தான் நினைவூட்ட வேண்டியிருக்கிறது.

வில்லன் என்று முத்திரை விழுந்த நடிகருக்கு 1949இல் ‘வேலைக்காரி’ வேறு கதவைத் திறந்தது. அண்ணாவின் நாடகம் படமானபோது, பழிவாங்கத் துடிக்கும் கதாநாயகனுக்கு அறிவு சொல்லும் நண்பன் மணியாக பாலையா வந்தார். பகுத்தறிவு இயக்கத்தின் வாதங்களைத் திரையில் முதலில் எளிமையாகப் பேசிக் காட்டிய குரல்களில் ஒன்று அவருடையது. மேடைப் பேச்சை மேடைப் பேச்சாக ஒலிக்கவிடாமல், திண்ணையில் உட்கார்ந்து பேசுவதுபோல் அவர் பேசினார். 1954இல் ‘தூக்குத் தூக்கி’யில் வடநாட்டு சேட். 1956இல் ‘மதுரை வீர’னில் மீண்டும் வில்லன். 1959இல் பீம்சிங்கின் ‘பாகப்பிரிவினை’யில் மனைவி சொல் கேட்டுத் தம்பியைப் பிரியும் அண்ணன். தம்பி எஸ்.வி.சுப்பையா, குடும்பத்தைக் கலைப்பவர் எம்.ஆர்.ராதா. மூன்று பேரும் நாடக மேடையிலிருந்து வந்தவர்கள். படத்தில் சிவாஜி இருக்கிறார், சரோஜாதேவி இருக்கிறார். ஆனால் வீடு இரண்டாகும் துயரத்தைச் சுமப்பவர்கள் பின்வரிசைக்காரர்கள்தான்.

‘காதலிக்க நேரமில்லை’யில் நாகேஷ் கதை சொல்லும் காட்சிக்கு வருகிறேன். மகன் செல்லப்பாவுக்குப் படம் எடுக்க அப்பாவின் பணம் வேண்டும். அப்பாவுக்குக் கதை தெரிய வேண்டும். நாகேஷ் ஒரு திகில் கதையை வாயாலேயே சத்தம் எழுப்பிச் சொல்லத் தொடங்குகிறார். பொதுவாக இதை நாகேஷ் காட்சி என்கிறோம். ஒருமுறை நாகேஷை விட்டுவிட்டு பாலையாவை மட்டும் பாருங்கள். முதலில் பணக்காரத் தகப்பனின் அலட்சியம். பிறகு முகம் மெல்ல நிற்கிறது. கண் பெரிதாகிறது. உடம்பு நாற்காலிக்குள் சுருங்குகிறது. பயப்படுவது தெரியக்கூடாது என்ற கௌரவமும், அடுத்து என்ன என்ற ஆவலும் ஒரே முகத்தில் சண்டை போடுகின்றன. அவருக்கு வசனம் அதிகமில்லை. நாகேஷ் சொல்வதில் கதை என்று பார்த்தால் ஒன்றுமில்லை. அங்கே பயங்கரம் இருப்பதாக நம்மை நம்பவைப்பது கேட்பவரின் முகம். படத்தை 1966இல் இந்தியில் ‘ப்யார் கியே ஜா’ என்று எடுத்தபோது மெஹ்மூதும் ஓம் பிரகாஷும் இதே காட்சியைச் செய்தார்கள். இரண்டு இடத்திலும் சிறந்த நடிகர்கள் இருவர் தேவைப்பட்டார்கள். சொல்பவர் மட்டும் இருந்து கேட்பவர் சரியில்லை என்றால் அந்தக் காட்சி விழுந்துவிடும்.

‘திருவிளையாட’லில் ஹேமநாத பாகவதர் இதற்கு நேர் எதிரான வேலை. பாண்டியன் சபையில் சவால்விட்டுப் பாடும் கர்வம். குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது. ஆனால் அந்தக் கழுத்தின் நிமிர்வும், தாளம் போடும் விரலின் திமிரும், பாட்டு முடிந்ததும் சபையைச் சுற்றிவரும் பார்வையும் பாலையாவுடையவை. பின்னணிக் குரலுக்கு வாயசைக்கும்போது பல நடிகர்களிடம் பாட்டு ஒரு பக்கமும் உடம்பு ஒரு பக்கமும் நிற்கும். இவரிடம் பாட்டு வயிற்றிலிருந்து வருவதுபோல் இருக்கும். அன்றிரவே விறகுவெட்டியின் பாட்டைக் கேட்டு அந்தக் கர்வம் உடையும்போது, கேட்கும் பாலையா மறுபடியும் வருகிறார். ஈசனின் பெருமையைத் தோற்றவரின் முகத்தில் இயக்குநர் ஏ.பி.நாகராஜன் காட்டினார். மூன்று ஆண்டு கழித்து ‘தில்லானா மோகனாம்பாள்’ படத்தில் தவில்காரர் முத்துராக்கு வேடத்தையும் அவருக்கே கொடுத்தார். நாதஸ்வரக்காரரின் கோபத்துக்கும் மானத்துக்கும் பக்கத்திலேயே உட்கார்ந்து தாளம் தவறாமல் பார்த்துக்கொள்ளும் மனிதர். இந்த வேடத்துக்கு வேறு யாரையும் நினைக்க முடியவில்லை.

இவ்வளவு வீச்சு இருந்தும் ஏன் ஒரு ஃபூனெஸ் ஆகவில்லை என்ற கேள்விக்குச் சந்தையில் ஒரு பதில் இருக்கிறது. தமிழ்ப் படங்கள் ஏரியா ஏரியாவாக விற்கப்பட்டவை. வட ஆற்காடு, தென் ஆற்காடு, செங்கல்பட்டு மூன்றும் சேர்ந்தது என்.எஸ்.சி. ஏரியா. மாவட்டங்கள் பல துண்டாகிப் பெயர் மாறிய பிறகும் சினிமா வியாபாரத்தில் அந்த மூன்றெழுத்து மாறவில்லை. கலவையின் கொட்டகையும், வேலூர், ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டைத் தியேட்டர்களும் அதற்குள்தான். இந்தப் பக்கத்து டிக்கெட் பணத்தில் தோல் கம்பெனித் தொழிலாளர்களின் வாரக்கூலி பெரும்பங்கு. படம் முடியும் முன்பே விநியோகஸ்தர் முன்பணம் கொடுக்க வேண்டும். எடுத்த காட்சிகளை அவருக்குக் காட்ட முடியாது. காட்ட முடிந்தது கதாநாயகன் பெயர் ஒன்றுதான். அதனால் எம்.ஜி.ஆர். படம், சிவாஜி படம் என்று பெயருக்கு விலை வந்தது. கொட்டகை நோட்டீஸில் அந்தப் பெயர் பெரிய எழுத்தில் வந்தது. பாலையா இருந்தால் படம் நன்றாக இருக்கும் என்று எல்லாருக்கும் தெரியும். ஆனால் அது முன்பணமாக மாறும் தகவல் இல்லை. ரசிகர் மன்றமும் கட்சியும் சேர்ந்துகொண்டபோது இந்தப் பிடி இன்னும் இறுகியது.

இந்தப் பிடியை மீறி, பின்வரிசைக்காரர் நடுவில் நின்ற தமிழ்ப் படங்களும் உண்டு. அவற்றை வரிசையாக வைத்துப் பார்த்தால் ஒன்று கண்ணில் படுகிறது. 1954இல் ‘ரத்தக்கண்ணீர்’. முப்பதுகளிலேயே படங்களில் நடித்துவிட்டு மேடைக்குத் திரும்பியிருந்த எம்.ஆர்.ராதா, திருவாரூர் தங்கராசு எழுதிய நாடகத்தை ஊர் ஊராக நடத்தி வெற்றி கண்ட பிறகே அது படமானது. தொழுநோயாளி மோகனசுந்தரத்தை நடுவில் வைத்து ஒரு படம் ஓடும் என்று எந்த விநியோகஸ்தரும் தாமாக நினைத்திருக்க மாட்டார். மேடை அதை நிரூபித்துக் கொடுத்திருந்தது. நாகேஷுக்கு ‘சர்வர் சுந்தரம்’, ‘நீர்க்குமிழி’, ‘எதிர்நீச்சல்’. மூன்றும் கே.பாலசந்தரின் நாடகங்கள். மேஜர் சுந்தரராஜனுக்குப் பட்டப்பெயர் தந்த ‘மேஜர் சந்திரகாந்த்’ படமும் அவருடைய நாடகமே. எஸ்.வி.சுப்பையா 1969இல் ஜெயகாந்தன் கதையைக் ‘காவல் தெய்வம்’ என்று எடுத்தபோது, தாமே தயாரிப்பாளராக வேண்டியிருந்தது. பிரான்சிலும் கதை இதுதான். 1964க்கு முன்பே ‘ஆஸ்கர்’ என்ற நாடகம் ஃபூனெஸுக்குப் பாரிஸ் மேடையில் பெரிய வெற்றி தந்திருந்தது. அவர் பெயருக்குக் கூட்டம் வரும் என்பதை மேடை காட்டிய பிறகே சினிமா நம்பியது.

எனவே என் முடிவு இது: தமிழ் சினிமா தன் குணச்சித்திர நடிகர்களைத் தானாக உருவாக்கவும் இல்லை, தானாக உயர்த்தவும் இல்லை. இரண்டையும் செய்தது வெளியே இருந்த மேடை. பாலையாவின் முதிர்ந்த காலத்தில், அவருக்கென்று எழுதி, ஜனங்கள் முன் நடத்திக் காட்டி, சினிமாக்காரரின் பயத்தைப் போக்கும் மேடை ஒன்று அவர் பின்னால் இல்லை. மூன்று மருமகள்களைத் திருத்தும் மாமனாராக ‘பாமா விஜயம்’ அவரை ஓரளவு நடுவே நிறுத்தியது. அதை எழுதியவரும் நாடகத்திலிருந்து வந்த பாலசந்தர்தான். அது தொடரவில்லை.

எஸ்.வி.ரங்காராவுக்குத் தெலுங்கு கைகொடுத்தது. ‘மாயாபஜார்’ கடோத்கஜனையும், ‘பாதாள பைரவி’ மந்திரவாதியையும் கதாநாயகனுக்குச் சமமாக வைத்து எழுதினார்கள். ‘நர்த்தனசாலா’வின் கீசகனுக்காக ஜகார்த்தாவில் நடந்த ஆசிய ஆப்பிரிக்கத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது பெற்றார். தமிழில் ‘படிக்காத மேதை’யிலும் ‘கற்பக’த்திலும் அவர் எவ்வளவு பெரிய பெரியவராக நின்றாலும், கீசகனைப் போன்ற ஒரு வேடத்தை நாம் அவருக்குத் தரவில்லை.

பெண்களுக்கு நிலைமை இன்னும் கடுமை. 1952இல் ‘பராசக்தி’யில் சிவாஜிக்கு ஜோடி பண்டரிபாய். 1969இல் ‘தெய்வமக’னில் அதே பண்டரிபாய், சிவாஜிக்கு மனைவியாகவும் மற்ற இரண்டு சிவாஜிகளுக்குத் தாயாகவும் நடித்தார். இத்தனைக்கும் இருவருக்கும் ஏறத்தாழ ஒரே வயது. கதாநாயகனுக்கு வயது நின்றுவிடும். கூட நடித்தவளுக்கு மட்டும் ஓடும். அந்த அநியாயத்தை அவர் நடிப்பால் தாங்கினார் என்பதற்காக அது அநியாயம் இல்லாமல் போய்விடாது. வேடத்தை வேடமாகக் கேட்டு வாங்கி நின்ற மனோரமாவின் உயரம் தனிக் கட்டுரைக்கு உரியது.

அங்கீகாரம் என்ற பக்கத்தையும் பார்க்க வேண்டும். அமெரிக்காவில் துணை நடிகருக்கான ஆஸ்கர் 1936ஆம் ஆண்டுப் படங்களிலிருந்தே உண்டு. பாலையா அறிமுகமான ஆண்டு அது. பிரான்சில் செசார் விருதுகள் 1976இல் தொடங்கியபோது முதல் விழாவிலேயே துணை நடிகருக்கு இடம் இருந்தது. ழான் ரோஷ்ஃபோர் பெற்றார். இந்தியாவின் தேசிய விருதில் துணை நடிகர் என்ற பிரிவு 1984ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான் வந்தது. அதற்குள் பாலையா, ரங்காராவ், ராதா, சுப்பையா எல்லாரும் போய்விட்டார்கள். நாகேஷ் மட்டும் காத்திருந்து, 1994இல் வந்த ‘நம்மவ’ருக்காக அதை வாங்கினார்.

பாய்ஸ் கம்பெனிகள் மறைந்த பிறகு இரண்டாவது பள்ளியாக இருந்தவை சென்னை சபா நாடகங்கள். அங்கே நடிகருக்கு மாதச் சம்பளம் அலுவலகத்தில் கிடைத்தது. நாகேஷ் ரயில்வேயில் இருந்தவர், பூர்ணம் விஸ்வநாதன் வானொலியில் செய்தி வாசித்தவர், டெல்லி கணேஷ் விமானப்படையிலிருந்து வந்தவர். சாப்பாட்டுக் கவலை இல்லாததால் சிறு வேடத்தையும் அவர்களால் நிதானமாகச் செய்ய முடிந்தது. மூன்றாவது பள்ளி எங்கள் பக்கத்தோடு நேரடியாகச் சம்பந்தப்பட்டது. ந.முத்துசாமி 1977இல் தொடங்கிய கூத்துப்பட்டறை, செய்யாற்றுப் பக்கத்துப் புரிசையின் கண்ணப்பத் தம்பிரான் மரபிலிருந்து உடம்பின் பாடத்தைக் கற்றது. பசுபதி, குரு சோமசுந்தரம், கலைராணி அங்கே பயின்றவர்கள். விஜய் சேதுபதி அங்கே கணக்கெழுதிக்கொண்டே பார்த்துக் கற்றவர். ‘சார்பட்டா பரம்பரை’யில் ரங்கன் வாத்தியாராக பசுபதி நிற்கும் நிலையைப் பாருங்கள். காலை அகட்டி, எடையைத் தரையில் இறக்கி, கழுத்தை மட்டும் திருப்புகிறார். இரவெல்லாம் ஆடும் கூத்துக்காரர்களைப் பார்த்து வளர்ந்த கண்ணுக்கு அந்த நிலை பழக்கமானது.

இப்போது நான்காவதாகத் தொலைக்காட்சி வந்திருக்கிறது. ஆரணியில் பிறந்த யோகி பாபு ‘லொள்ளு சபா’ வழியாக வந்து, 2021இல் ‘மண்டேலா’வை முழுக்கத் தோளில் சுமந்தார். டப்பிங் குரலாகவும் தொடர்களின் பட்டாபியாகவும் பல வருடம் உழைத்த எம்.எஸ்.பாஸ்கர், ‘பார்க்கிங்’ படத்துக்காக 2025இல் அறிவிக்கப்பட்ட தேசிய விருதைப் பெற்றார். அப்போது அவர் அறுபதைத் தாண்டி வெகுநாளாகியிருந்தது. ஒரு வீட்டின் மாடியிலும் கீழும் குடியிருக்கும் இருவர், கார் நிறுத்தும் இடத்துக்காக ஒருவரை ஒருவர் அழிக்கப் பார்க்கும் கதை. ஹரீஷ் கல்யாணுக்கு எவ்வளவு காட்சியோ ஏறத்தாழ அவ்வளவு பாஸ்கருக்கும். பெரியவரின் பிடிவாதம் எங்கிருந்து வருகிறது என்று படம் பொறுமையாகக் காட்டுகிறது. பெரிய கதாநாயகன் பெயரை நம்பி விற்கப்பட்ட படம் அல்ல அது, ஆனாலும் ஓடியது. அவருக்குக் கிடைத்த விருதின் பெயர் இன்னும் துணை நடிகர் விருதுதான்.